செஞ்சி தேசிங்கு ராஜன்: பத்து மாத அரசும் முந்நூறு வருஷப் புகழும்

கோட்டையைக் கட்டியவர்களின் பெயரை ஜனங்கள் மறந்துவிடுவதும், அதில் சில காலமே வாழ்ந்து மடிந்தவனின் பெயரைத் தலைமுறை தலைமுறையாகச் சொல்லி வருவதும் உலகில் அபூர்வமன்று. ஆயினும் செஞ்சியைப் போல் இதற்குத் தெளிவான உதாரணம் தமிழ்நாட்டில் காண்பது அரிது. திண்டிவனத்திலிருந்து திருவண்ணாமலைக்குப் போகும் பாதையில் செல்வோர் எவரும் அங்குள்ள மூன்று குன்றுகளைக் காணாமற் போக முடியாது. ராஜகிரி, கிருஷ்ணகிரி, சந்திராயன் துர்க்கம் என்னும் அம்மூன்றையும் நீண்ட மதில்களால் இணைத்து நிற்கிறது கோட்டை. கோன் வம்சத்தார் அதற்கு அடிகோலினர் என்பது ஐதிகம். விஜயநகரத்தின் கீழிருந்த நாயக்கர்கள் அதைப் பெருக்கிக் கட்டினர். பிஜப்பூர் சுல்தானின் படை அதைப் பிடித்தது. 1677-ம் வருஷம் சிவாஜி மகாராஜா அதைக் கைக்கொண்டார். அவருடைய புதல்வர் ராஜாராம் மொகலாயப் பெரும்படையின் முற்றுகையை ஏறக்குறைய எட்டு வருஷ காலம் அங்கிருந்தே தாங்கினார். 1698-ல் தான் கோட்டை மொகலாயர் வசமாயிற்று.

இவ்வளவு பெரிய பெயர்கள் இருக்க, இக்கோட்டை யாருடையது என்று அவ்வூரில் கேட்டால் வரும் விடை ஒன்றே. அது தேசிங்கு ராஜன் கோட்டை. அவன் அக்கோட்டையின் ஒரு கல்லையும் எடுத்து வைத்தவனல்லன். தமிழ்நாட்டில் பிறந்தவனென்றும் சொல்வதற்கில்லை. அவன் அரசாண்டது சுமார் பத்து மாதம். மாண்டபோது வயது இருபத்திரண்டு. இத்தகையவனைத் தமிழ் மக்கள் ஏன் தம்மவனாக்கிக் கொண்டனர் என்பதே நாம் ஈண்டு ஆராய விரும்பும் விஷயம்.

புந்தேல்கண்டிலிருந்து வந்த குடும்பம்

செஞ்சி வீழ்ந்த பின்னர், 1700-ல், ஔரங்கசீப் சக்கரவர்த்தி ஸ்வரூப சிங் என்னும் புந்தேலா ராஜபுத்திரரை அக்கோட்டைக்குக் கில்லேதாராக நியமித்து, ஜாகீரும் அளித்தார். தமிழ்ப் பாட்டில் தேரணி சிங் என்று வருபவர் இவரே. விந்தியத்திற்கு அப்பால் பிறந்த இவர், மொகலாய ஆட்சியின் தெற்கெல்லையில் பதினான்கு வருஷ காலம் ஒரு சிற்றரசரைப் போலவே வாழ்ந்தார். கூடலூரில் செயிண்ட் டேவிட் கோட்டையை வைத்துக் கொண்டிருந்த ஆங்கில வர்த்தகக் கம்பெனியாரோடு அவருக்குப் பிணக்கு ஏற்பட்டது. கம்பெனியின் உத்தியோகஸ்தர்களைப் பிடித்துச் செஞ்சியில் சிறை வைக்கவும் அவர் தயங்கவில்லை. இப்பிணக்கு சண்டையாக முற்றி, பாண்டிச்சேரிப் பிரெஞ்சுக்காரர் மத்தியஸ்தம் செய்ததன் பேரில் 1712-ல் சமாதானத்தில் முடிந்தது. பிற்காலத்தில் இந்தியா முழுவதையும் விழுங்கவிருந்த கம்பெனி, அந்நாளில் ஒரு கில்லேதாருடன் சமரசம் பேசவேண்டிய நிலையில் இருந்தது என்பது கவனிக்கத் தக்கது.

1707-ல் ஔரங்கசீப் காலமானார். அதை அடுத்த சில வருஷங்களில் டில்லிச் சிங்காதனத்தில் நெடுநாள் நிலைத்தவர் எவருமில்லை. மேலிடம் தளர்ந்ததும் கீழிடங்களில் உள்ளவர்கள் கப்பத்தை நிறுத்துவது சரித்திர வழக்கம். ஸ்வரூப சிங்கும் ஆர்க்காட்டுக்குச் செலுத்த வேண்டிய பணத்தைப் பல வருஷமாகச் செலுத்தவில்லை. பாக்கி எழுபது லட்சம் ரூபாய் வரை ஏறிவிட்டது என்று சொல்லப்படுகிறது. இந்நிலையில் அவர் இறந்தார்.

தந்தை இறந்த செய்தி கேட்டு, புந்தேல்கண்டிலிருந்த மகன் தேஜ் சிங் தன் இளம் மனைவியுடன் தெற்கே புறப்பட்டு வந்தான். 1714-ம் வருஷத் தொடக்கத்தில் செஞ்சி ஜாகீரைத் தன் உரிமையாக ஏற்றுக்கொண்டான். தேஜ் சிங் என்னும் பெயரே தமிழர் நாவில் தேசிங்கு ஆயிற்று.

வழக்கின் வித்து

நிற்க. அவனுக்கும் ஆர்க்காட்டு நவாபுக்கும் மூண்ட வழக்கு யாது? அப்போது ஆர்க்காட்டில் நவாபாக இருந்தவர் சாதத்துல்லா கான். கர்நாடகத்தின் வரவு செலவுகளை நன்கறிந்த நிர்வாகி. அவர் இரண்டு விஷயங்களைக் கேட்டார். முதலாவது, தந்தை வைத்துப்போன பாக்கி. இரண்டாவது, ஜாகீருக்குப் புதிய சக்கரவர்த்தியின் உத்தரவு. ஔரங்கசீப் தந்தைக்குக் கொடுத்த பர்மான் மகனுக்குத் தானாகவே செல்லாது. அப்போது டில்லியில் ஆண்ட பரூக்சியர் அதை உறுதி செய்தாலன்றிக் கோட்டையில் இருக்க அவனுக்கு அதிகாரமில்லை என்பது நவாபின் கட்சி. சக்கரவர்த்தியின் கையொப்பமிட்ட பர்மான் தன் குடும்பத்துக்கு உண்டு; அதற்குமேல் ஒரு நவாபின் அனுமதி வேண்டியதில்லை என்பது தேசிங்கின் கட்சி.

மொகலாய சட்டத்தின்படி பார்த்தால் நவாபின் வாதம் வலுவுள்ளதே. ஜாகீர் என்பது தந்தையிடமிருந்து மகனுக்கு இறங்கும் சொத்தன்று. சேவைக்காகச் சக்கரவர்த்தி அளிக்கும் வருமானம். ஆனால் டில்லியின் கை தளர்ந்த காலத்தில், ஜாகீர்தார்கள் தம் ஜாகீரைப் பிதுரார்ஜிதமாகவே எண்ணத் தொடங்கினர். சொல்லப் போனால் நவாப் பதவியும் பின்னர் அவ்வாறே குடும்பச் சொத்தாக மாறியது. ஆகவே இது விடுதலைப் போருமன்று, மதப்போருமன்று. சிதைந்து கொண்டிருந்த ஒரு சாம்ராஜ்யத்தின் இரண்டு அதிகாரிகளுக்குள், நிலவரியை வசூலிப்பது யார் என்று எழுந்த சண்டை. உண்மையை இவ்வாறு ஒளிக்காமற் சொல்வதால் தேசிங்கின் வீரத்துக்குக் குறைவு வந்துவிடாது.

கடலி வெளியில்

மழைக்காலத்தில் நவாபின் சைன்யம் செஞ்சியை நோக்கி வந்தது. குதிரைப்படையும் காலாட்படையுமாகப் பல ஆயிரம் பேர். தேசிங்கிடம் இருந்ததோ சில நூறு குதிரை வீரரும் சில நூறு காலாட்களுமே. ராஜாராம் எட்டு வருஷம் காத்த கோட்டை அது. கதவை அடைத்துக்கொண்டு உள்ளே இருந்திருந்தால் நவாபின் படை மாதக்கணக்கில் மலையடிவாரத்தில் காத்திருக்க நேர்ந்திருக்கும். ஆனால் முற்றுகையில் ஒடுங்கியிருப்பது அவ்விளைஞனுடைய சுபாவத்துக்கு ஒவ்வவில்லை. பகைவன் வாசல் வரை வருமுன் வெளியில் சென்று எதிர்ப்பதே ராஜபுத்திர தர்மம் என அவன் கருதினான். போர்த் தந்திரம் அறிந்தவர்கள் இதை அவசரம் என்பர். நாமும் அவ்வாறே கருதுகிறோம்.

1714-ம் வருஷம் அக்டோபர் 3-ந் தேதி, செஞ்சிக்கு அருகில் கடலி என்னும் கிராமத்தை அடுத்த வெளியில் இரு படைகளும் கலந்தன. இடையே ஓடிய ஆறு வெள்ளம் பெருகிக் கிடந்தது. தேசிங்கு குதிரையோடு நீரில் இறங்கி அக்கரை சேர்ந்தான். படையில் ஒரு பகுதியே அவனுடன் கடந்தது. இருந்த சிலரைக் கொண்டே நவாபின் படைக்குள் பாய்ந்தான். யானை மீதிருந்த தலைவர்களை நோக்கிக் குதிரையைச் செலுத்திப் போர் புரிந்தான். முதலில் நவாபின் அணிகள் கலங்கின. ஆனால் தொகையின் பலம் இறுதியில் வென்றது. அவனுடைய உயிர் நண்பன் மகபத்கான் களத்தில் வீழ்ந்தான். பின் தேசிங்கும் வீழ்ந்தான்.

நவாப் அவனுடைய உடலை அவமதிக்கவில்லை. ராஜ மரியாதையுடன் செஞ்சிக்குக் கொண்டு சென்று தகனம் செய்ய ஏற்பாடாயிற்று. கோட்டைக்குள் செட்டிகுளம் என்னும் நீர்நிலையின் கரையிலுள்ள ஒரு மேடையை, அவன் தகனமான இடமென்று இன்றும் காட்டுகின்றனர். அவனுடைய இளம் மனைவி அவ்விடத்திலேயே உடன்கட்டை ஏறினாள். ஆர்க்காட்டுக்கு எதிரே பாலாற்றின் அக்கரையிலுள்ள ராணிப்பேட்டை, அவள் நினைவாக நவாப் அமைத்த ஊர் என்பது கர்ணபரம்பரை. மகபத்கானின் சமாதியும் அருமைக் குதிரையின் சமாதியும் நீலாம்பூண்டியில் உள்ளன என்று சுற்றுப்புறத்தார் சொல்லி வருகின்றனர்.

போர் எவருக்கு எதிராக?

இச்சரித்திரத்தை ஹிந்து அரசனுக்கும் முஸ்லிம் நவாபுக்கும் நடந்த போராகச் சித்திரிப்பவர்கள் உண்டு. அவர்களுக்கு இரண்டு பேரை நினைவூட்ட விரும்புகிறோம்.

ஒருவன் மகபத்கான். முஸ்லிமாகிய அவன், முஸ்லிம் நவாபை எதிர்த்துத் தன் ராஜபுத்திர நண்பனுக்காகப் போரிட்டு உயிர் துறந்தான். மற்றவர் லாலா தோடர்மால். ஹிந்துவாகிய இவர், சாதத்துல்லா கானின் கீழ் பெரிய உத்தியோகத்தில் இருந்தவர். யுத்த பயத்தால் காஞ்சிபுரத்திலிருந்து உடையார்பாளையத்துக்குக் கொண்டு போகப்பட்டிருந்த வரதராஜப் பெருமாளை 1710-ல் மீண்டும் காஞ்சிக்கு எழுந்தருளச் செய்தவர் அவரே. அதனால் அவருடைய உருவமும் அக்கோயிலிலேயே சிலையாக நிற்கிறது. நவாபின் அதிகாரி பெருமாளுக்குத் தொண்டு செய்கிறார். செஞ்சி ராஜனின் தோளுக்குத் தோளாக ஒரு கான் நின்று மடிகிறான். அக்காலத்து வாழ்க்கை இவ்வாறு பின்னிக் கிடந்தது. அதை இரண்டாகக் கிழித்துக் காட்டுவது சரித்திரத்துக்குச் செய்யும் துரோகம்.

நாட்டுப்புற மக்கள் இவ்விஷயத்தில் படித்தவர்களைக் காட்டிலும் தெளிவாக இருந்தனர் என்றே சொல்ல வேண்டும். அவர்கள் பாடிய கதையில் அரசனுக்கு எவ்வளவு இடமோ, ஏறக்குறைய அவ்வளவு இடம் நண்பனுக்கும் உண்டு.

பாட்டு செய்த வேலை

சரித்திரம் பத்து மாதத்தில் முடிந்தது. பாட்டு அங்கே தொடங்கியது. தேசிங்குராஜன் கதை என்னும் கதைப்பாட்டு, தென்னார்க்காட்டுக் கிராமங்களில் வாயால் பாடப்பட்டு, பின்னர் பெரிய எழுத்துப் புத்தகமாக அச்சேறி, சந்தைகளிலும் திருவிழாக்களிலும் விற்பனையாயிற்று. எழுதப் படிக்கத் தெரிந்த ஒருவர் திண்ணையில் அமர்ந்து ராகத்துடன் வாசிக்க, தெருவே கூடிக் கேட்ட நூல்களில் அதுவும் ஒன்று.

பாட்டு, சரித்திரத்தைப் பல இடங்களில் தன் விருப்பம் போல் மாற்றிக்கொண்டது. டில்லி பாதுஷாவிடம் எவராலும் அடக்க முடியாத ஒரு பரி இருந்ததென்றும், சிறுவனாகிய தேசிங்கு அதன்மேல் ஏறி அடக்கித் தந்தையின் மானத்தைக் காத்தானென்றும் அது கூறும். போருக்குப் புறப்படுமுன் சிங்கவரத்து ரங்கநாதரிடம் உத்தரவு கேட்கச் சென்றபோது, இன்று போகாதே என்பதற்கு அறிகுறியாகப் பெருமாள் முகத்தைத் திருப்பிக் கொண்டார் என்னும் கதை, அம்மலைக் குகைக் கோயிலுக்குச் செல்வோருக்கு இன்றளவும் சொல்லப்படுகிறது. மனைவியின் முகத்தையும் முழுதாகக் காணாமல், திரைக்குப் பின்னிருந்து நீண்ட கையை மட்டும் கண்டு விடைபெற்றுப் போனான் என்பது கேட்போர் கண்ணில் நீர் வரவழைக்கும் கட்டம். மகபத்கானுக்கோ கல்யாணக் கோலம். நண்பனிடமிருந்து ஓலை வந்ததும், மணமாலையைக் கழற்றி வைத்துவிட்டுக் குதிரை ஏறினான் என்கிறது பாட்டு.

இவற்றில் எது நடந்தது, எது நடக்கவில்லை என்று தனித்தனியே அளந்து பார்ப்பது சரித்திர ஆசிரியர்களின் வேலை. அண்ணாமலைச் சர்வகலாசாலையில் பேராசிரியராக இருந்த ஸ்ரீ சி. எஸ். ஸ்ரீனிவாஸாசாரியார் செஞ்சியின் சரித்திரத்தை 1943-ல் விரிவான ஆங்கில நூலாக வெளியிட்டு அவ்வேலையைச் செய்தார். நாம் இங்கு கேட்பது வேறு. மக்கள் எதை வைத்துக்கொண்டனர், எதை விட்டுவிட்டனர் என்பதே நம் கேள்வி. எழுபது லட்சம் பாக்கியைப் பற்றி அவர்களுக்குக் கவலையில்லை. யாருக்குச் செலுத்தினாலும் அது அவர்களுடைய வயலிலிருந்து போகும் பணமே. பர்மானின் சட்ட நுணுக்கமும் அவர்களுக்கு வேண்டியிருக்கவில்லை. வாக்குத் தவறாத நட்பு, பலவானுக்கு முன் தலைகுனியாத இளமை, வாழாமலே முடிந்துபோன வாழ்வு ஆகிய மூன்றையும் எடுத்துக் கொண்டனர். அவன் பேசிய பாஷை எது, பிறந்த ஜாதி எது என்றும் அவர்கள் கேட்கவில்லை. அந்நியன் ஒருவன் இந்த மண்ணில் நின்று, ஓடாமல் மடிந்தான். ஆகையால் இந்த மண்ணுக்கு உரியவன் என்று தீர்ப்பளித்துவிட்டனர். இதைவிட விசாலமான குடியுரிமைச் சட்டத்தை எந்த ராஜாங்கமும் இயற்றியதில்லை.

திரையில் ஏறிய தேசிங்கு

பாட்டிலிருந்து நாடகத்துக்கும், நாடகத்திலிருந்து திரைக்கும் இக்கதை சென்றது. தமிழ்ப் படங்கள் பேசத் தொடங்கிய சில வருஷங்களுக்குள், 1936-லேயே தேசிங்கின் கதை படமாயிற்று. பின்னர் 1960-ல் டி. ஆர். ரகுநாத் டைரக்ஷனில் ராஜா தேசிங்கு வெளிவந்தது. எம். ஜி. ராமச்சந்திரன் அதில் இரண்டு வேஷங்களில் தோன்றினார். எஸ். எஸ். ராஜேந்திரன், பானுமதி, பத்மினி ஆகியோரும் நடித்தனர். இத்தனை நட்சத்திரங்கள் இருந்தும் அப்படம் எதிர்பார்த்த வெற்றியை அடையவில்லை. 2013-ல் தேசிங்கு ராஜா என்ற பெயருடன் வந்த படமோ இவ்வரசனைப் பற்றியதே அன்று. அது ஒரு கிராமத்து ஹாஸ்யப் படம். பெயர் மட்டும் நிலைத்து, பொருள் கழன்றுபோயிற்று.

இவ்விடத்தில் நமது அண்டை நாடாகிய மலையாளத்தைச் சற்று நோக்குவது பயன்தரும். மலையாள சினிமாவுக்கும் தமிழ்நாட்டுக்கும் உறவு புதிதன்று. அதன் முதல் மௌனப் படமாகிய விகதகுமாரனை எடுத்த ஜே. சி. டானியல், இன்று கன்னியாகுமரி ஜில்லாவில் உள்ள அகஸ்தீஸ்வரத்துக்காரர். அதன் முதல் பேசும் படமாகிய பாலன், 1938-ல் சேலம் மாடர்ன் தியேட்டர்ஸாரால் எடுக்கப்பட்டது. அந்த முதல் மௌனப் படத்திலேயே ஒரு சமூகப் பரீட்சை நடந்துவிட்டது. தாழ்த்தப்பட்ட வகுப்பில் பிறந்த ரோஸி என்னும் பெண், நாயர் மாதாக நடித்ததைப் பொறாத கூட்டம் கொட்டகையில் கல்லெறிந்தது. அவள் ஊரை விட்டே ஓட நேர்ந்தது. அதே மலையாளம் 1954-ல் நீலக்குயில் என்னும் படத்தில், ஜாதியின் பேரால் கைவிடப்பட்ட ஒரு பெண்ணின் கதையைச் சொல்லி, அப்படத்தைக் கொண்டாடியும் காட்டியது. ஒரு தலைமுறைக்குள் நாடு எவ்வளவு தூரம் நடந்தது என்பதற்குத் திரையே சாட்சியாயிற்று.

நம் தேசிங்கு கதையைப் போன்ற வீரப் பாட்டுகள் அங்கும் உண்டு. வடக்கன் பாட்டுகள் என்று பெயர். கேரளத்தார் அவற்றை முதலில் உள்ளது உள்ளபடியே படமாக்கினர். 1961-ல் வந்த உண்ணியார்ச்சையும், 1964-ல் வந்த தச்சோளி ஒதேனனும் அத்தகையவை. ஆனால் அவர்கள் அங்கேயே நின்றுவிடவில்லை. பாட்டில் நம்பிக்கைத் துரோகி என்று தலைமுறை தலைமுறையாகத் தூற்றப்பட்ட சந்து என்பவனை எடுத்துக்கொண்டு, எம். டி. வாசுதேவன் நாயர் எழுத, ஹரிஹரன் டைரக்ட் செய்து, 1989-ல் ஒரு வடக்கன் வீரகாதை என்னும் படத்தை வெளியிட்டனர். பாட்டு ஒரு கட்சியை மட்டும் சொல்லியிருக்கலாமோ, குற்றவாளி என்று நாம் வைதவன் குற்றமற்றவனாக இருக்கலாமோ என்று அப்படம் கேட்டது. பாட்டன் பாட்டியிடம் கேட்ட கதையைப் புரட்டிப் போட்டதற்காக ஜனங்கள் கோபங்கொள்ளவில்லை. திரளாகச் சென்று பார்த்தனர். தம் பரம்பரைச் செல்வத்தை மதிக்கும் வழிகளில் அதைக் கேள்வி கேட்பதும் ஒன்று என்று அவர்கள் அறிந்திருந்தனர்.

கேட்க வேண்டிய கேள்விகள்

தேசிங்கின் கதையில் நாம் கேட்க வேண்டிய கேள்விகள் பல உள. முக்கியமான ஒன்றை மட்டும் சொல்கிறோம். திரைக்குப் பின்னிருந்து நீண்ட அந்தக் கைக்கு உரியவள் யார்? ராணி பாய் என்று பெயர் சொல்கிறார்கள். பாட்டு அவளுடைய பதிவிரதத்தைப் புகழ்கிறது. நவாபே மெச்சி ஊர் அமைத்தான் என்கிறது ஐதிகம். நூற்றுக்கணக்கான காத தூரத்திலிருந்து, பாஷை தெரியாத நாட்டுக்குக் கணவனை நம்பி வந்த அப்பெண், பத்தே மாதத்தில் அந்நிய மண்ணில் நெருப்புக்கு இரையானாள். அவள் சென்றது சுவாகதமாகவா, வேறு வழியின்றியா என்று எந்தப் பாட்டும் கேட்கவில்லை. சதியென்னும் கொடுமை 1829-ல் வங்காளத்திலும் அடுத்த வருஷம் சென்னை ராஜதானியிலும் சட்ட விரோதமாக்கப்பட்டது. ராஜாராம் மோகன்ராய் போன்ற பெரியோர்கள் அதற்காகப் பட்ட பாட்டை அறிந்த நாம், செட்டிகுளத்து மேடையின் முன் நிற்கும்போது பெருமைப்படுவதற்கு மாறாகத் துக்கப்பட வேண்டும். தேசிங்கின் வீரத்தைப் போற்றுவதற்கு அவள் எரிந்ததையும் போற்றியாக வேண்டுமென்ற நியாயம் இல்லை.

மற்றொன்றையும் மறத்தல் ஆகாது. கடலி வெளியில் ஒருவரையொருவர் வெட்டிக்கொண்டவர்கள் இந்நாட்டவர்களே. அடுத்த ஐம்பது வருஷத்துக்குள் நடந்தது யாது? 1750-ல் பிரெஞ்சுப் படை ஓரிரவில் செஞ்சியைப் பிடித்தது. 1761-ல் அதை ஆங்கிலேயர் பிடித்தனர். தந்தை காலத்தில் சமாதானத்துக்கு இணங்கிய கம்பெனி, அரை நூற்றாண்டுக்குள் அக்கோட்டைக்கே எஜமானாயிற்று. பின்வந்த நவாபுகளிடமும் பட்டம் தவிர வேறொன்றும் மிஞ்சவில்லை. கில்லேதாரும் நவாபும் வரிப் பாக்கிக்காக ரத்தம் சிந்திக்கொண்டிருந்த போது, கரையோரத்தில் மூன்றாமவன் கணக்குப் புத்தகத்தைத் திறந்து வைத்துக் காத்திருந்தான்.

2025-ம் வருஷம் ஜூலை மாதத்தில், மராட்டியரின் ராணுவ அரண்கள் என்ற வரிசையில் உலகப் பாரம்பரியச் சின்னமாக யுனெஸ்கோ அறிவித்த பன்னிரண்டு கோட்டைகளுள் செஞ்சியும் ஒன்று; மற்றப் பதினொன்றும் மகாராஷ்டிரத்தில் உள்ளவை. சிவாஜியையும் ராஜாராமையும் முன்னிட்டு இப்பெருமை வந்தது முறையே. இனி வெளிநாட்டாரும் வெளிமாகாணத்தாரும் பெருவாரியாக வருவர். அவர்களுக்கு மதிலின் உயரத்தையும் களஞ்சியத்தின் அகலத்தையும் காட்டினால் மட்டும் போதாது. இந்த ஊர் ஏன் ஓர் இருபத்திரண்டு வயது இளைஞனையும் அவனுடைய முஸ்லிம் நண்பனையும் மறக்க மறுத்தது என்பதையும் சொல்ல வேண்டும்.

அதைச் சொல்லத் தெரிந்தவர்கள் அக்கதைப் பாட்டைப் பாடும் கிராமத்துக் கலைஞர்களே. அவர்களில் எஞ்சியிருப்போரைத் தேடிப் பிடித்துப் பாட்டை முழுமையாகப் பதிவு செய்வதும், பள்ளிக்கூடப் பிள்ளைகளுக்குச் சரித்திரத்தையும் பாட்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் போதிப்பதும், படம் எடுப்போர் வாள் வீச்சோடு நில்லாமல் அக்கதையின் உள்ளே புகுவதும் உடனே ஆக வேண்டிய காரியங்கள். முந்நூறு வருஷமாகப் படிப்பில்லாத ஏழை ஜனங்கள் தம் நாவினால் காத்துக் கொடுத்த செல்வம் இது. படித்தவர்களாகிய நம் காலத்தில் அது தொலைந்து போகுமானால், அந்தப் பழியை எந்த நவாபின் மேலும் சுமத்த இயலாது.